விலையில் எழுதாத கணக்கு



எளிய வாழ்க்கை பற்றி ஒருவர் பேச எழுந்தால், என்ன சொல்லப்போகிறார் என்பது பெரும்பாலும் அவையோருக்கு முன்பே தெரிந்துவிடும். ஆசைதான் துன்பத்துக்கு வேர், ஆகவே ஆசையை அறுங்கள் என்பார். அல்லது, நகரத்து இரைச்சலும் தவணைக் கடனும் போதும், ஊர்ப்பக்கம் ஓர் ஏக்கர் வாங்கி நாலு தென்னையும் ஒரு மாடுமாக நிம்மதியாக இருங்கள் என்பார். இந்த இரண்டு அறிவுரைகளையும் நான் குறைத்து மதிக்கவில்லை. ஆனால் இரண்டிலும், எளிமையால் பயன்பெறுபவர் எளிமையாக வாழ்பவர் ஒருவர்தான். அவர் மனம் அமைதி அடைகிறது, அவர் உடம்பு தேறுகிறது. மற்றவர்களுக்கு அதில் என்ன இருக்கிறது என்ற கேள்விக்கு விடை சொல்லாதவரை, எளிமை ஒருவருடைய சொந்த விருப்பமாகவே நின்றுவிடும். விருப்பமுள்ளவர் செய்யட்டும், மற்றவரை விட்டுவிடுங்கள் என்று யாரும் சொல்லிவிடலாம். இன்று நான் வாதிட விரும்புவது இதைவிடக் கடுமையான ஒன்று. எளிமையும் தற்சார்பும் பிறருக்கு நாம் செலுத்த வேண்டிய பாக்கி. ஒரு பொருளுக்கு நாம் கொடுக்கும் விலைச்சீட்டில் அந்தப் பாக்கி எழுதப்படுவதில்லை. அதனால்தான் அது நம் கண்ணில் படாமல் போகிறது.

இந்த வாதத்தை நான் உருவாக்கவில்லை. தஞ்சாவூரில் 1892இல் பிறந்து, மதுரையில் 1960இல் மறைந்த ஜே. சி. குமரப்பா இதைத் தம் வாழ்நாள் முழுவதும் சொன்னார். அவர் துறவியாகவோ உழவராகவோ தம் வாழ்க்கையைத் தொடங்கியவர் அல்லர். லண்டனில் கணக்குத் தணிக்கை பயின்று, பம்பாயில் தணிக்கையாளராகத் தொழில் நடத்தியவர். பின்னர் அமெரிக்கா சென்று சிராக்யூஸ் பல்கலைக்கழகத்தில் வணிக நிர்வாகமும், கொலம்பியா பல்கலைக்கழகத்தில் பேராசிரியர் செலிக்மனிடம் பொதுநிதியியலும் கற்றார். இந்தியா ஏன் ஏழையாக இருக்கிறது என்பதற்கான விடையை அரசாங்கத்தின் வரவுசெலவுப் புத்தகத்திலேயே தேடினார். ஏழைகளிடம் வாங்கிய வரி எங்கே போகிறது என்று பக்கம் பக்கமாகத் தணிக்கை செய்தார். 1929இல் காந்தியைச் சந்தித்தபின் அந்த ஆய்வு யங் இந்தியா இதழில் தொடராக வந்தது. பீகார் நிலநடுக்க நிவாரண நிதியின் கணக்கை 1934இல் பார்த்துக்கொண்டபோது, காந்தியின் குழுவினருக்கு ஆகும் செலவைக்கூட அந்த நிதியில் எழுத முடியாது என்று மறுத்தவர் அவர். இந்தத் தணிக்கையாளரின் கண்டிப்பைத்தான் அவர் அன்றாட வாழ்க்கைமீதும் செலுத்தினார். நாம் வாங்கும் ஒவ்வொரு பொருளையும் எடுத்துவைத்துக்கொண்டு, இதன் முழுச் செலவு என்ன, அதை யார் கொடுத்தார்கள் என்று கேட்டார்.

அவர் எடுத்துக்காட்டிய பொருள் ஒரு டின் கோக்கோ. கடையில் அதற்கு ஒரு விலை உண்டு. அதைக் கொடுத்துவிட்டால் வாங்கியவருக்கும் விற்றவருக்கும் கணக்குத் தீர்ந்தது என்பது நம் நினைப்பு. குமரப்பா தம் காலத்தில் அந்த டின் வந்த வழியே திரும்பி நடந்து பார்த்தார். கோக்கோ விளையும் இடம் மேற்கு ஆப்பிரிக்காவின் தோட்டங்கள். அங்கே வேலை செய்பவர்கள் ஏதோ ஒரு வகையில் கட்டாயப்படுத்தப்பட்டவர்கள். அது வரும் கடல்வழி, ஒரு வல்லரசின் கடற்படை தன் பிடியில் வைத்திருக்கும் வழி. அது பொடியாகும் ஆலையில் குறைந்த கூலிக்குத் தொழிலாளர்கள் பிழியப்படுகிறார்கள். அது இந்தியாவுக்குள் சலுகையோடு நுழைவது, அடிமை நாட்டின்மீது ஆளும் நாடு திணித்த சுங்க விதியால். இத்தனை வன்முறையும் சேர்ந்தால்தான் அந்த டின் அந்த விலைக்குக் கிடைக்கும். ஆகவே அதை வாங்குபவர் அந்த வன்முறைக்கெல்லாம் தம் பங்குக்குக் காசு கொடுக்கிறார் என்பது குமரப்பாவின் தீர்ப்பு. கோக்கோ குடிப்பது பாவம் என்று அவர் சொல்லவில்லை. பணம் கொடுத்ததோடு பொறுப்பு முடிந்துவிட்டது என்ற நம் நம்பிக்கையைத்தான் அவர் உடைத்தார்.

பல பத்தாண்டுகளுக்கு முந்தைய கதை என்று இதை ஒதுக்கிவிட முடியாது. நம் கண்முன்னே இருக்கும் நொய்யலைப் பாருங்கள். வெள்ளியங்கிரி மலையில் பிறந்து, கோவையையும் திருப்பூரையும் கடந்து காவிரியில் சேரும் ஆறு அது. பாசனத்துக்காக ஒரத்துப்பாளையத்தில் அதன் குறுக்கே கட்டிய அணை 1992இல் முடிந்தது. சில ஆண்டுகளிலேயே திருப்பூர்ப் பனியன் தொழிலின் சாயக் கழிவு வந்து தேங்கும் குட்டையாக அது மாறியது. அணையைத் திறந்துவிடுங்கள் என்று கேட்க வேண்டிய விவசாயிகள், அந்தத் தண்ணீரை எங்கள் வயலுக்கு விடாதீர்கள் என்று கேட்கும் நிலை வந்தது. கிணறுகள் உப்பேறின, நிலம் கெட்டது. 2011 ஜனவரியில் சென்னை உயர் நீதிமன்றம் சாயப்பட்டறைகளை மூடச் சொல்லி ஆணையிட வேண்டியதாயிற்று. திருப்பூர் பல லட்சம் குடும்பங்களுக்குச் சோறு போட்ட ஊர். அங்குள்ள உழைப்பாளிகளின் திறமையை யாரும் மறுக்க முடியாது. நான் கேட்பது ஒன்றுதான்: ஐரோப்பாவிலும் அமெரிக்காவிலும் மலிவாக விற்ற அந்தப் பனியனின் விலையில், கெட்டுப்போன அந்தக் கிணறுகள் எந்த வரியில் எழுதப்பட்டிருந்தன? எங்கும் இல்லை. அதை வாங்கியவர் கொடுக்காத பணத்தை ஒரத்துப்பாளையத்துக் குடியானவர் கொடுத்தார். 2013 ஏப்ரல் 24 அன்று வங்கதேசத்தின் சவாரில் ராணா பிளாசா கட்டடம் இடிந்து ஆயிரத்து நூறுக்கும் மேற்பட்டோர் மாண்டதும் இதே கணக்குதான். சுவரில் விரிசல் விட்டதை முதல்நாளே பார்த்திருந்தும் தொழிலாளர்களை உள்ளே அனுப்பினார்கள். குறித்த நாளில் சரக்கு போயாக வேண்டும், குறித்த விலைக்கு மேல் போகக் கூடாது என்ற நெருக்கடி அந்தக் கட்டடத்துக்குள் வேலை செய்தது.

இந்த இடத்தில்தான் தற்சார்பு என்ற சொல்லுக்கு அதன் முழுப் பொருள் கிடைக்கிறது. ஒரு பொருள் உருவாகும் இடத்துக்கும் பயன்படும் இடத்துக்கும் நடுவே தூரம் கூடக்கூட, அதன் பின்னால் நடப்பது நமக்குத் தெரியாமல் போகிறது. தெரியாததற்கு நாம் வருந்துவதும் இல்லை. தூரம் குறைந்தால் கணக்கு தானாகவே வெளிச்சத்துக்கு வரும். பக்கத்துத் தெருவில் நெய்பவருக்குக் கூலி குறைந்தால் நாம் அவர் முகத்தைப் பார்த்தாக வேண்டும். நம் ஊர் ஏரியில் கழிவைக் கலந்தால் அந்தத் தண்ணீரை நாமே குடித்தாக வேண்டும். குமரப்பா உள்ளூர் உற்பத்தியை வற்புறுத்தியது இதற்காகத்தான். ஊர்ப்பற்று அதற்குக் காரணம் இல்லை. 1934இல் தொடங்கிய அகில இந்தியக் கிராமக் கைத்தொழில் சங்கத்தை வார்தாவின் மகன்வாடியிலிருந்து நடத்தியபோது, ஒவ்வொரு பொருளையும் இந்தக் கண்ணோடு அவர் ஆராய்ந்தார். மண்ணெண்ணெய் விளக்குக்கு மாற்றாக, உண்ண உதவாத தாவர எண்ணெயில் எரியும் மகன் தீபம் அங்கே உருவாயிற்று. மண்ணெண்ணெய்க்குக் கொடுக்கும் காசு ஊரைவிட்டு, நாட்டைவிட்டே போய்விடும். தாவர எண்ணெய்க்குக் கொடுக்கும் காசு விதை பொறுக்கியவருக்கும் செக்கு ஆட்டியவருக்கும் போய், மறுபடி ஊர்க் கடைக்கே திரும்பும். விளக்கு தரும் வெளிச்சம் ஏறக்குறைய ஒன்றுதான். அதன் பின்னால் காசு போகும் பாதை வேறு.

அரிசியும் அப்படித்தான். ஆலையில் வெள்ளைவெளேரென்று தீட்டிய அரிசியில் தவிடு போய்விடுகிறது. தவிட்டோடு உடம்புக்கு வேண்டிய சத்தும் போகிறது. ஜாவாவில் டச்சு மருத்துவர் எய்க்மன் 1890களில் இதைக் கோழிகளிடம் கண்டார். தீட்டிய அரிசியைத் தின்ற கோழிகள் கால் விளங்காமல் விழுந்தன. தீட்டாத அரிசியைக் கொடுத்ததும் எழுந்து நடந்தன. பெரிபெரி நோயின் மர்மம் அவிழ்ந்த கதை அது. அதற்காக 1929இல் அவருக்கு நோபல் பரிசும் கிடைத்தது. கைக்குத்தல் அரிசிக்காகக் குமரப்பா வாதாடியபோது இந்த உடல்நலக் கணக்கோடு இன்னொன்றையும் சேர்த்தார். ஆலைக்கு நெல் போகும்போது, சத்து மட்டும் போவதில்லை. ஊரில் நெல் குத்திக் கூலி பெற்ற பெண்களின் வேலையும் சேர்ந்து போகிறது. வெண்மைக்காக நாம் கொடுக்கும் பணம் நம் உடம்புக்கும் பயன்படவில்லை, அண்டை வீட்டுக்கும் பயன்படவில்லை என்றால், அந்தச் செலவை எந்தத் தணிக்கையாளர் ஒப்புக்கொள்வார்?

இந்தக் கணக்கில் இயற்கைக்கும் ஒரு பத்தி உண்டு. ஜபல்பூர்ச் சிறையில் இருந்தபோது எழுதி, 1945இல் காந்தியின் முன்னுரையோடு வெளிவந்த தம் நூலில், நிலைத்த பொருளாதாரம் எது என்று குமரப்பா ஆராய்ந்தார். நிலக்கரி, பெட்ரோலியம், உலோகத் தாது போன்றவை பூமியில் குறிப்பிட்ட அளவுக்கு மட்டுமே உள்ள சேமிப்பு. ஓடும் நீர், வளரும் மரம், விளையும் பயிர் போன்றவை ஆண்டுதோறும் வரும் வருமானம். சேமிப்பை எடுத்துச் செலவழித்துக்கொண்டு அதை வருமானம் என்று எழுதினால் எந்த நிறுவனமும் திவாலாகும். அது மட்டுமல்ல, அளவுள்ள பொருளுக்கு ஆள்பலம் உள்ளவர்கள் அனைவரும் ஆசைப்படும்போது சண்டை வந்தே தீரும் என்றும் அவர் எச்சரித்தார். எண்ணெய்க்காக எத்தனை போர்கள் நடந்தன என்பதை அவர் மறைவுக்குப் பின் வந்த பல பத்தாண்டுகள் காட்டின. பிரிட்டனின் தேசிய நிலக்கரி வாரியத்தில் இருபது ஆண்டுகள் பொருளாதார ஆலோசகராக இருந்த ஷூமாகர், 1973இல் வெளியான தம் புகழ்பெற்ற நூலில் குமரப்பாவை மேற்கோள் காட்டினார். நிலக்கரியைத் தோண்டும் கணக்கிலேயே இத்தனை ஆண்டுகளைக் கழித்தவருக்குத் தஞ்சாவூர்த் தணிக்கையாளரின் கணக்கு சரியென்று பட்டது குறிப்பிடத்தக்கது.

அப்படியானால் நாம் ஏன் வாங்கிக் குவிப்பதை நிறுத்த மாட்டேன் என்கிறோம்? தேவை தீர்ந்துவிட்டால் மனிதன் தானாக நின்றுவிடுவான் என்று நம்பிய பெரிய அறிஞர் ஒருவர் உண்டு. பொருளாதார மேதை கெயின்ஸ் 1930இல் எழுதினார்: நூறு ஆண்டுகளில் முன்னேறிய நாடுகளின் வாழ்க்கைத் தரம் நான்கு முதல் எட்டு மடங்கு உயரும், அப்போது மக்கள் வாரத்துக்குப் பதினைந்து மணி நேரம் வேலை செய்தால் போதும். அவர் கணிப்பில் முதல் பாதி ஏறக்குறைய அப்படியே பலித்தது. இரண்டாம் பாதி பலிக்கவில்லை. உற்பத்தி பெருகியது, ஓய்வு அந்த அளவுக்குப் பெருகவில்லை. காரணம், நாம் வாங்குபவற்றில் பெரும்பகுதி வயிற்றுக்கோ உடம்புக்கோ வாங்குவதல்ல; அடுத்தவர் கண்ணுக்காக வாங்குவது. அமெரிக்கப் பொருளாதார அறிஞர் வெப்லன் 1899லேயே இதை விளக்கிவிட்டார். நம் ஊர்க் கல்யாண மண்டபத்தில் ஒரு நாள் உட்கார்ந்து பார்த்தாலும் விளங்கிவிடும்: வாசல் அலங்காரமும், இலையில் யாரும் தொடாமல் எச்சிலோடு போகும் பதார்த்தங்களும், அதற்காகக் கடன் வாங்கி அடுத்த ஐந்து வருடம் கட்டும் வட்டியும் யாருடைய பசிக்காகச் செய்தவை? பசிக்கு எல்லை உண்டு, ஒப்பீட்டுக்கு எல்லையில்லை. ஒப்பிட்டு வாழும் வீட்டில் சம்பளம் இரட்டித்தாலும் பற்றாக்குறை தீராது, ஏனென்றால் அடுத்த வீட்டிலும் இரட்டித்திருக்கும். எளிமையைத் தேர்பவர் இந்தப் பந்தயத்திலிருந்து வெளியே வருகிறார். வரும்போது, தம்மை அளவுகோலாக வைத்து ஓடிக்கொண்டிருந்த இன்னொருவரையும் கொஞ்சம் விடுவிக்கிறார்.

இனி மறுப்புகளுக்கு வருகிறேன். முதல் மறுப்பு நியாயமான கோபத்தோடு வருவது: இரண்டு வேளைச் சோற்றுக்கு அல்லாடுகிறவரிடம் எளிமையாக இரு என்று சொல்ல உங்களுக்கு என்ன உரிமை? எந்த உரிமையும் இல்லை. வறுமை என்பது ஒருவர்மேல் சுமத்தப்பட்டது. எளிமை என்பது தேர்ந்தெடுத்தது. தேர்ந்தெடுக்க வழியில்லாத இடத்தில் எளிமையைப் புகழ்வது, சுரண்டியவனுக்கு வக்காலத்து வாங்குவது. குமரப்பா இதில் தெளிவாக இருந்தார். 1929-30இல் குஜராத்தின் மாத்தர் தாலுகாவில் கிராமம் கிராமமாகச் சென்று உழவர்களின் வருமானத்தைக் கணக்கெடுத்தவர், வறுமையை ஒருபோதும் அழகுபடுத்திப் பேசவில்லை. விடுதலைக்குப் பின் காங்கிரஸ் அமைத்த நிலச்சீர்திருத்தக் குழுவுக்கு அவரே தலைவர். உழுபவருக்கே நிலம், நடுவிலிருந்து வாரம் வாங்குபவருக்கு இடமில்லை, ஒருவர் வைத்திருக்கும் நிலத்துக்கு உச்சவரம்பு வேண்டும் என்பவை 1949இல் அந்தக் குழு தந்த பரிந்துரைகள். எளிமை என்ற கோரிக்கை யாரை நோக்கி எழுகிறது என்பதை இந்த அறிக்கை சொல்கிறது. இருப்பவர் தம் பங்குக்கு மேல் எடுப்பதை நிறுத்தினால்தான் இல்லாதவருக்கு நியாயமான பங்கு கிடைக்கும்.

இரண்டாவது மறுப்பு இன்னும் ஆழமானது. 1948 நவம்பர் 4 அன்று அரசியல் நிர்ணய சபையில் பேசிய அம்பேத்கர், கிராமத்தைப் போற்றுவோரைக் கடுமையாகச் சாடினார். அறியாமையும் குறுகிய மனமும் வகுப்புவாதமும் குடிகொண்ட இடம் அது என்றார். தமிழ்நாட்டில் பெரியாரும் இதே பக்கம் நின்றவர். சேரி என்றும் ஊர் என்றும் பிரிந்து, பிறந்த சாதியால் தொழில் தீர்மானிக்கப்பட்ட இடத்தை முன்மாதிரி என்று காட்ட முடியுமா? முடியாது. பழைய கிராமத்தின் தற்சார்பு, செருப்புத் தைப்பவர் மகன் செருப்பே தைக்க வேண்டும் என்ற கட்டளையின்மீது நின்றது. குமரப்பாவின் அளவுகோலையே அந்தக் கிராமத்தின்மேல் வைத்தால், அதுவும் தணிக்கையில் தேறாது. அதன் தன்னிறைவுக்கான செலவைத் தலைமுறை தலைமுறையாகச் சேரி கொடுத்துவந்தது. ஆகவே நாம் பேசும் தற்சார்பு பழைய ஊருக்குத் திரும்புவது அல்ல. யாரும் எந்தத் தொழிலையும் கற்கலாம், எந்தத் தொழிலையும் விடலாம் என்ற உரிமை அதற்கு முன்நிபந்தனை. அம்பேத்கரின் கண்டனத்தைக் கேட்டுத் தன்னைத் திருத்திக்கொள்ளாத தற்சார்பு வாதம், சாதிக்குப் புதுச்சட்டை தைத்துக் கொடுக்கும் வேலையாகவே முடியும்.

மூன்றாவதாக, எல்லோரும் வாங்குவதைக் குறைத்தால் தொழில்கள் மூடும், வேலை போகும் என்பார்கள். இயந்திரங்களைக் கைவிடச் சொல்கிறீர்களா என்றும் கேட்பார்கள். செலவு குறைவது ஒன்று, இடம் மாறுவது வேறொன்று. வெளிநாட்டுப் பண்டத்துக்கும் ஆடம்பரத்துக்கும் போகும் பணம், கைகள் அதிகம் தேவைப்படும் தொழில்களுக்கும், பழுது பார்ப்பதற்கும், கல்விக்கும், மருத்துவத்துக்கும் போகுமானால் வேலை பெருகும். இந்த மாற்றம் ஒரே நாளில் நிகழ்ந்தால் பலர் தவிப்பார்கள் என்பது உண்மை. அதனால் அது படிப்படியாக, தொழிலாளருக்கு மாற்று வழியோடு நடக்க வேண்டும். இயந்திரத்தைப் பொறுத்தவரை, அடிப்படைத் தொழில்களும் பொதுச் சேவைகளும் பெரிய அளவில், பொது உடைமையாக இயங்கலாம் என்றே குமரப்பா கருதினார். நெல் குத்துவது பெண்களின் முதுகை ஒடித்த வேலை என்பதை மறந்துவிட்டு உலக்கையைப் பாடத் தேவையில்லை. உமியை மட்டும் நீக்கித் தவிட்டை விட்டுவைக்கும் சிறு இயந்திரம் ஊருக்குள்ளேயே, அங்குள்ள பெண்களின் கூட்டுறவில் ஓடினால், அது அவர் கணக்குக்கு முற்றிலும் ஒத்ததே. இயந்திரம் யார் கையில் இருக்கிறது, யார் உழைப்பைக் குறைக்கிறது, யார் பிழைப்பைப் பறிக்கிறது என்பவையே கேள்விகள்.

கடைசி மறுப்பு, எளிமையே இன்று ஒரு சரக்காகிவிட்டது என்பது. மரச்செக்கு எண்ணெயும் சிறுதானியமும் கண்ணாடிக் கடைகளில் சாதாரண மக்கள் தொட முடியாத விலைக்கு விற்கின்றன; அவற்றை வாங்கும் வீட்டில் மூன்று கார்கள் நிற்கின்றன. ஒரு மனிதர் நாலு சட்டையோடு வாழ்ந்தால் உலகம் மாறிவிடுமா என்றும் கேட்கிறார்கள். எளிய பொருளை வாங்குவது எளிய வாழ்க்கை ஆகாது என்பதில் எனக்கு மாற்றுக் கருத்து இல்லை. தனி ஒருவரின் சிக்கனம் நொய்யலைச் சுத்தம் செய்யாது என்பதும் உண்மை. அதற்கு நீதிமன்ற ஆணை வேண்டியிருந்தது, சட்டம் வேண்டியிருந்தது, விவசாயிகளின் போராட்டம் வேண்டியிருந்தது. ஆனால் சொந்த வாழ்க்கை, பொதுச் சட்டம் என்ற இரண்டில் ஒன்றைத் தேர்ந்தெடு என்று நம்மை யார் கட்டாயப்படுத்துகிறார்கள்? தம் உடையையும் உணவையும் மாற்றிக்கொண்ட அதே குமரப்பாதான் நிலச்சட்டங்களை மாற்ற அறிக்கை எழுதினார். மலிவான சரக்கைச் சார்ந்து வாழும் ஒருவர், அந்த மலிவுக்குக் காரணமான அநீதியை எதிர்க்கும்போது, தம் வசதிக்கு எதிராகவே வாக்களிக்க வேண்டியிருக்கும். பெரும்பாலோர் அதைச் செய்வதில்லை. தேவையைச் சுருக்கிக்கொண்டவருக்கு அந்தத் தயக்கம் இல்லை. சட்டம் கடுமையானால் அவருக்கு இழப்பதற்கு அதிகம் இல்லை. நேர்மையான அரசியலுக்கு எளிமை இவ்வாறு அடித்தளம் ஆகிறது.

குமரப்பா தம் கடைசி ஆண்டுகளை மதுரை மாவட்டத்து தே. கல்லுப்பட்டியில் உள்ள காந்தி நிகேதன் ஆசிரமத்தில் கழித்தார். லண்டனில் தணிக்கைப் பயிற்சியும் கொலம்பியாவில் பட்டமும் பெற்றவர் அங்கே வந்து தங்கியதைத் தியாகம் என்று பாராட்டுவது நமக்கு வசதியாக இருக்கிறது. தியாகிகளை வணங்கிவிட்டுப் போய்விடலாம், அவர்கள் கணக்கை நாம் பார்க்க வேண்டியதில்லை. அந்த வசதியை அவருக்கும் நமக்கும் மறுப்போம். அவர் செய்தது, கூட்டிக் கழித்துப் பார்த்து, தம் பெயரில் இருந்த பாக்கியைத் தீர்த்தது. அதே வேலையை நாமும் தொடங்கலாம். இந்த மாதம் வீட்டில் வாங்கும் பொருள்களில் மூன்றை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள்: ஒரு துணி, ஓர் உணவுப் பொருள், ஒரு மின்கருவி. அவை எங்கே செய்யப்பட்டன, செய்தவருக்கு என்ன கூலி, எந்த ஆற்றின் தண்ணீர் அதில் செலவாயிற்று, பழுதானால் சரிசெய்ய முடியுமா என்று கேளுங்கள். விடை கிடைக்காத பொருளை ஒத்திப்போடுங்கள். விடை தெரிந்து மனம் ஒப்பாத பொருளை விட்டுவிடுங்கள். பக்கத்தில் நல்ல மாற்று இருந்தால் கொஞ்சம் கூடுதல் விலை கொடுத்தாவது அதை வாங்குங்கள். பிறகு, விடை சொல்ல வேண்டிய கடமையை உற்பத்தியாளர்மேல் சுமத்தும் சட்டம் வேண்டும் என்று உங்கள் பிரதிநிதிகளிடம் கேளுங்கள். கணக்குக் கேட்கும் மக்கள் இருக்கும் நாட்டில்தான் நியாயமான விலை இருக்கும்.